ராத்திரி சைக்கிள் ஓட்டப் போறீங்களா? ஹெல்மெட்டும் லைட்டும் பாத்து வாங்குறது எப்படி

வேலை முடிஞ்சு இருட்டுல வீட்டுக்குத் திரும்புறவங்க, விடியறதுக்கு முன்னாடியே கிளம்புறவங்க, பகல் வெயிலுக்குப் பயந்து சாயங்காலத்துக்கு மேல மிதிக்கிறவங்க, இவங்க எல்லாருக்கும் வேண்டிய சாமான் உண்மையில ரொம்ப கம்மிதான். தலைக்கு ஒரு ஹெல்மெட், முன்னாடி ஒரு வெள்ளை லைட்டு, பின்னாடி ஒரு சிவப்பு லைட்டு, காலுக்கு ரெண்டு ரிஃப்ளெக்டர் பட்டை. ஆனா தேட ஆரம்பிச்சா லூமன், லக்ஸ், மிப்ஸ், ஐபிஎக்ஸ்னு ஏகப்பட்டது வந்து விழுது, புதுசா வர்றவங்க அதுல குழம்பிப் போயி கடைசியில எந்த டப்பா மேல பெரிய நம்பர் இருக்கோ அதைத் தூக்கிட்டு வந்துடுறாங்க. அதனால எதை முதல்ல யோசிக்கணும், போட்டுப் பாக்கும்போது எதை கவனிக்கணும், வாங்கினதுக்கு அப்புறம் எப்படி மாட்டணும்னு வரிசையா எழுதுறேன். இது மிதிக்கிற சைக்கிளுக்கு மட்டும். மோட்டார் பைக் ஹெல்மெட்டோட கணக்கு முழுக்க வேற.

ஒரு விஷயத்த முதல்லயே சொல்லிடறேன். எல்லாத்தையும் ஒண்ணா வாங்க காசு பத்தலன்னா பெரும்பாலானவங்க ஹெல்மெட்டுக்கு நிறைய போட்டுட்டு மிச்சத்துல ஏதோ ஒரு லைட்ட வாங்குவாங்க. நான் அப்படிச் செய்ய சொல்ல மாட்டேன். ஹெல்மெட்டப் பொறுத்தவரைக்கும் தரச் சான்று இருந்து தலைக்குச் சரியா உக்காந்தா நடுத்தர விலையே தாராளம், அதுல மிச்சமாகுற காசை லைட்டுல போடுங்க. ஏன்னா இருட்டுல உங்கள இடிக்கப் போற வண்டிக்காரர் உங்கள பாத்துட்டாருன்னா ஹெல்மெட்டுக்கு வேலையே வராது.

முதல் படி: எங்க ஓட்டப் போறீங்க, என்ன வேகம்

கடைக்குப் போறதுக்கு முன்னாடி இத ஒரு பேப்பர்ல எழுதிக்கிட்டாலும் நல்லது. நீங்க போற ரோட்டுல முழுக்க தெருவிளக்கு இருக்கா, பாதி தூரம் இருட்டா, இல்ல சுத்தமா வெளிச்சமே கிடையாதா? ரோடு சமமா, குழியும் கல்லுமா? எவ்வளவு நேரம் ஓட்டுவீங்க? மழையில ஓட்டுவீங்களா? சைக்கிள பூட்டிட்டு வெளிய விட்டுட்டுப் போவீங்களா? கடைசிக் கேள்வி சாதாரணமா தெரியும், ஆனா வெளிய விடுறவங்க லைட்ட ஒவ்வொரு தடவையும் கழட்டி எடுத்துட்டுப் போகணும், அதனால ஒரே கையில டக்குனு கழட்டுற மாதிரி லைட்டா பாக்கணும், இல்ல ஃபிரேம்லயே போல்ட் போட்டு முடுக்குற டைனமோ லைட்டுக்குப் போகணும்.

வேகம் ஏன் முக்கியம்னா, லைட்டு எவ்வளவு தூரம் அடிக்கணும்ங்கறத வேகம்தான் முடிவு பண்ணுது. மணிக்கு 20 கிலோமீட்டர்ல போனீங்கன்னா ஒரு செகண்டுக்கு அஞ்சரை மீட்டர் நகர்றீங்க. குழியக் கண்ணு பாத்து, மூளைக்குப் புரிஞ்சு, கை பிரேக்கப் பிடிக்கறதுக்குள்ள ஒன்றரை செகண்ட்னு வச்சா அதுலயே 8 மீட்டர் போயிடும், அப்புறம் காஞ்ச ரோட்டுல நல்ல பிரேக்கோட நிக்க இன்னொரு 3 மீட்டர், ஆக சுமார் 12 மீட்டர். அதே 30ல போனா கிட்டத்தட்ட 20 மீட்டர் ஆகும். ஈர ரோடுன்னா இன்னும் கூடும். உங்க லைட்டு எந்த தூரம் வரைக்கும் தெளிவா காட்டுதோ அந்த தூரத்துக்குள்ள நிறுத்த முடியுற வேகத்துலதான் இருட்டு ரோட்டுல ஓட்டணும். மத்த எல்லா அறிவுரையும் இதுக்கு அப்புறம்தான்.

ஹெல்மெட்: தலைய அளந்துட்டு ஆரம்பிங்க

துணி தைக்கிற டேப்ப எடுத்து புருவத்துக்கு ரெண்டு விரல் மேல, காதுக்குக் கொஞ்சம் மேல, பின்மண்டையில நல்லா புடைச்சிருக்கற இடத்தைச் சுத்தி அளங்க. வர்ற சென்டிமீட்டர்தான் உங்க சைஸ். எஸ், எம், எல்னு எழுதியிருக்கறத மட்டும் நம்பி வாங்காதீங்க, ஒரு கம்பெனியோட எம் இன்னொரு கம்பெனிக்கு எல் ஆகிடும். உள்ள ஸ்டிக்கர்ல 54–58, 58–62ன்னு சென்டிமீட்டர்ல போட்டிருப்பாங்க, அதப் பாருங்க. உங்க அளவு ரெண்டு சைஸுக்கும் நடு எல்லையில வந்துச்சுன்னா ரெண்டையும் போட்டுப் பாக்காம முடிவு பண்ணாதீங்க.

சுற்றளவு ஒண்ணா இருந்தாலும் தலையோட வடிவம் ஆளுக்கு ஆள் மாறும். சிலருக்கு உருண்டை, சிலருக்கு முன்னும் பின்னும் நீளம். போட்டதும் நெத்தியில மட்டும் அழுத்தி ரெண்டு பக்கமும் காலியா ஆடுதுன்னா அந்த மாடல் உங்க தலைக்கு ஆகாது, எவ்வளவு நல்ல கம்பெனியா இருந்தாலும் வச்சிட்டு வந்துடுங்க. பஞ்சு பேட வச்சு சரிக்கட்டலாம்னு கடைக்காரர் சொல்லுவார், சின்ன வித்தியாசத்துக்கு அது சரி, வடிவமே மாறியிருந்தா பேடால ஒண்ணும் ஆகாது.

உள்ள ஒட்டியிருக்கற தரச் சான்று

ஹெல்மெட்டத் திருப்பி உள்ள பாருங்க. அமெரிக்காவுக்குப் போற ஹெல்மெட்டுல சிபிஎஸ்சி (CPSC, அந்த நாட்டு நுகர்வோர் பொருள் பாதுகாப்பு ஆணையத்தோட தரம்), ஐரோப்பாவுக்கு ஈஎன் 1078, ஆஸ்திரேலியா நியூசிலாந்துக்கு ஏஎஸ்/என்இசட்எஸ் 2063, இப்படி ஏதாவது ஒண்ணு இருக்கணும், உங்க நாட்டுக்குன்னு தனித் தரம் இருந்தா அது. எதுவுமே இல்லாத ஹெல்மெட்டு பாக்க எவ்வளவு அழகா இருந்தாலும் வேண்டாம். ஆன்லைன்ல வாங்குறவங்க படத்துல அந்த ஸ்டிக்கர் தெரியலன்னா விட்டுடுங்க.

இந்த சோதனையில என்ன பண்றாங்கன்னு தெரிஞ்சுக்கறது நல்லது, அப்பதான் ஹெல்மெட்டுகிட்ட எத எதிர்பாக்கலாம்னு புரியும். உலோகத்துல செஞ்ச தலைக்கு ஹெல்மெட்ட மாட்டி மேலருந்து கீழ விடுறாங்க. சிபிஎஸ்சில தட்டையான இரும்பு மேல 2 மீட்டர் உயரத்துலருந்து விழ வைப்பாங்க, அப்ப தலை அனுபவிக்கிற அதிர்ச்சி புவியீர்ப்பு விசையப் போல 300 மடங்கத் தாண்டக் கூடாது. ஈஎன் 1078ல உயரம் சுமார் ஒன்றரை மீட்டர், வரம்பு 250 மடங்கு. அதாவது சைக்கிள்லருந்து தவறி விழுந்து தலை தரையில மோதுற நிலைமைக்குத்தான் முக்கியமா இது வடிவமைச்சது. வேகமா வர்ற கார் நேரா இடிக்கறத இந்தச் சோதனை அளக்கல. அதனாலதான் திரும்பத் திரும்ப லைட்டு லைட்டுன்னு சொல்லிட்டிருக்கேன்.

உள்ள இருக்கற வெள்ளையோ கருப்போ அந்த கெட்டி தெர்மாகோல் நசுங்கித்தான் அடிய வாங்கிக்குது. ஒரு தடவ நசுங்கினா திரும்ப எழும்பாது. வெளி ஓட்டுல கீறல்கூட இல்லாம உள்ள நசுங்கியிருக்கலாம். அதனால செகண்ட் ஹேண்ட் ஹெல்மெட்டு வாங்கவே வாங்காதீங்க, யாரு குடுத்தாலும், அது என்னென்ன அடி வாங்கியிருக்குன்னு வெளியருந்து பாத்து சொல்ல முடியாது.

மிப்ஸ்னு மஞ்சள் வட்டம் ஒட்டின ஹெல்மெட்டுகளப் பாப்பீங்க. ஸ்வீடன்ல ஆராய்ச்சி பண்ணி உருவாக்கினது. உள்ள வழுக்குற மாதிரி ஒரு மெல்லிய அடுக்கு இருக்கும், தலை சாய்வா மோதும்போது ஹெல்மெட்டு தலைக்கு மேல 10லருந்து 15 மில்லிமீட்டர் நகர்ந்து குடுக்கும், அதனால தலை திடீர்னு திருகுறது குறையும். நிஜத்துல விழுறவங்க பெரும்பாலும் சாய்வாதான் மோதுறாங்க, அதனால காசு இடம் குடுத்தா எடுத்துக்கங்க. ஆனா சரியா உக்காராத மிப்ஸ் ஹெல்மெட்ட விட கச்சிதமா உக்காருற சாதா ஹெல்மெட்டு எவ்வளவோ மேல். அமெரிக்காவுல வெர்ஜினியா டெக் பல்கலைக்கழகம் 2018லருந்து சைக்கிள் ஹெல்மெட்டுகள சோதிச்சு ஸ்டார் போட்டு வெளியிடுறாங்க, அந்தப் பட்டியல்ல விலை கம்மியான சில மாடல்களும் 5 ஸ்டார் வாங்கியிருக்கு. வாங்குறதுக்கு முன்னாடி ஒரு தடவ அதப் பாத்துடுங்க.

போட்டுப் பாக்குறது: இங்க அவசரப்படாதீங்க

ஹெல்மெட்டு வாங்குறதுல முக்கால்வாசி வேலை இதுதான், ஆனா ரெண்டு நிமிஷத்துல முடிச்சிட்டு வந்துடுறாங்க. முதல்ல ஸ்ட்ராப்பையும் பின்னாடி டயலையும் முழுசா தளர்த்திட்டு தலையில வைங்க. சமமா இருக்கணும். பின்பக்கம் சாச்சு நெத்திய முழுசா காட்டிட்டுப் போறத நிறைய பேருகிட்ட பாக்கலாம், அப்படிப் போட்டா முன்னாடி குப்புற விழும்போது நெத்திக்குக் காவலே இல்ல. புருவத்துக்கும் ஹெல்மெட்டு விளிம்புக்கும் நடுவுல ரெண்டு விரல் இடம், அதுக்கு மேல வேண்டாம்.

அடுத்து டயலத் திருகி இறுக்குங்க. இப்ப நாடி ஸ்ட்ராப்பப் போடாமயே தலையக் குனிஞ்சு லேசா ஆட்டுங்க, ஹெல்மெட்டு விழாம நின்னா சைஸ் சரி. அப்புறம் ரெண்டு பக்கமும் ஸ்ட்ராப்பு காதுக்கு நேர் கீழ ‘வி’ மாதிரி சேரணும், காது மேல உரசக் கூடாது. நாடிக்குக் கீழ பக்கிளப் போட்டு ஒரு விரல் மட்டும் நுழையுற அளவுக்கு இறுக்குங்க. வாயை நல்லா பொளந்து கொட்டாவி விடுங்க, ஹெல்மெட்டு தலைய லேசா கீழ இழுக்கறது தெரியணும். கடைசியா ரெண்டு கையாலயும் ஹெல்மெட்டப் பிடிச்சு முன்னாடி பின்னாடி, இடது வலதுன்னு தள்ளிப் பாருங்க, நெத்தித் தோலும் சேந்து நகரணும். ஹெல்மெட்டு மட்டும் தனியா வழுக்கிட்டுப் போச்சுன்னா மறுபடி முதல்லருந்து.

அப்படியே ஒரு பத்து நிமிஷம் கடையிலயே போட்டுட்டு சுத்துங்க. எங்கயாவது ஒரு புள்ளியில வலி வந்தா ஒரு மணி நேரம் ஓட்டும்போது அது தாங்க முடியாத தலைவலியா மாறும், அப்புறம் ஹெல்மெட்டு வீட்டு ஆணியில தொங்கும். கண்ணாடி போடுறவங்க கண்ணாடியோட போட்டுப் பாருங்க. நீள முடி இருக்கறவங்க ராத்திரி எப்படி முடியக் கட்டிட்டு ஓட்டுவீங்களோ அப்படியே கட்டிட்டுப் போய்ப் பாருங்க, உச்சிக் கொண்டை போட்டா எந்த ஹெல்மெட்டும் சரியா உக்காராது, கழுத்துக்கிட்ட தாழ்வா கட்டுங்க. குளிருக்கு உள்ள தடிமனான தொப்பி வேண்டாம், மெல்லிசா ஒரு துணி போதும், அதையும் போட்டுக்கிட்டே டயல சரி பண்ணுங்க.

சின்னப் பசங்களுக்கு வாங்குறதா இருந்தா வளரப் போறான்னு பெருசா எடுக்காதீங்க, இன்னைக்கு இருக்கற தலைக்கு எடுங்க. ஹெல்மெட்டோட விளையாட்டுத் திடல்ல ஏறவும் விடாதீங்க, கம்பி நடுவுல மாட்டிட்டா ஸ்ட்ராப்பு கழுத்த இறுக்கிடும்.

ராத்திரிக்குன்னு ஹெல்மெட்டுல தனியா பாக்க வேண்டியது அதிகம் இல்ல. பளிச்சுனு பச்சை மஞ்சள் கலர் இருட்டுல உதவும்னு நினைக்கறாங்க, அந்த ஃப்ளோரசென்ட் கலர் வெயில்ல இருக்கற புற ஊதாக் கதிர் பட்டாத்தான் ஒளிரும், கார் ஹெட்லைட்டுல அது கிட்டத்தட்ட சாதாரணக் கலர்தான். பின்பக்கம் ரிஃப்ளெக்டர் பட்டை இருந்தா நல்லது. சில ஹெல்மெட்டுல பின்னாடியே சின்ன சிவப்பு லைட்டு வருது, அத கூடுதலா வச்சுக்கலாம், அத மட்டும் நம்பக் கூடாது. வாங்கின ஹெல்மெட்டு மேல கண்ட பெயின்ட்டும் பசையும் போடாதீங்க, சில கரைப்பான் தெர்மாகோல அரிச்சிடும். வெயில்ல நிக்கற காருக்குள்ளயும் விட்டு வைக்காதீங்க.

பின் லைட்டு: இத முதல்ல வாங்குங்க

முன்னாடி வர்றவங்கள நீங்க பாக்கலாம், பின்னாடி வர்றவங்கள பாக்க முடியாது. அதனால பின் சிவப்பு லைட்டுல மட்டும் சமரசம் வேண்டாம். வெளிச்சம் ரொம்ப பெருசா தேவையில்ல, ராத்திரிக்கு 20லருந்து 50 லூமன் (லைட்டு தர்ற மொத்த வெளிச்சத்தோட அளவு) தாராளமா போதும், பகல்லயும் போட நினைக்கறவங்க 100க்குப் போகலாம். லூமன விட முக்கியம் பக்கவாட்டுலருந்து பாத்தாலும் தெரியுதாங்கறது. சந்திப்புல குறுக்க வர்ற வண்டிக்கு உங்க விலாப்பக்கம்தான் தெரியும், லென்ஸ் ரெண்டு பக்கமும் வளைஞ்சு வந்திருந்தா அவங்களுக்கும் வெளிச்சம் போகும்.

மினுக்குற மோட் நல்லதா, நிலையா எரியுறது நல்லதான்னு பெரிய சண்டையே ஓடுது. மினுக்கறது சீக்கிரம் கண்ணுல படும், ஆனா எவ்வளவு தூரத்துல இருக்கீங்க, எந்தப் பக்கம் நகர்றீங்கன்னு பின்னாடி வர்றவருக்குக் கணிக்கறது கஷ்டம். சில நாட்டுல சைக்கிள்ல மினுக்குற லைட்டே சட்டப்படி கூடாது, உங்க ஊர் விதியப் பாத்துக்கங்க. அனுமதி இருந்தா என் சிபாரிசு ரெண்டு பின் லைட்டு, ஒண்ணு நிலையா எரியணும், இன்னொண்ணு மெதுவா மினுக்கலாம். ரெண்டு இருந்தா இன்னொரு பெரிய லாபம், ஒண்ணு வழியில அணைஞ்சு போனாலும் இருட்டுல நிக்க மாட்டீங்க. பின் லைட்டு அணைஞ்சது ஓட்டுறவருக்குத் தெரியவே தெரியாதுங்கறதுதான் அதுல இருக்கற ஆபத்து.

நிறத்த மாத்திப் போடாதீங்க. முன்னாடி வெள்ளை, இல்ல சில இடத்துல வெளிர் மஞ்சள், பின்னாடி சிவப்பு. 1968 வியன்னா சாலைப் போக்குவரத்து ஒப்பந்தத்துலயே சைக்கிளுக்கு இத எழுதி வச்சிருக்காங்க, கூடவே பின்னாடி சிவப்பு ரிஃப்ளெக்டரும் வேணும்னு. முன்னாடி சிவப்பு போட்டா எதுத்தாப்ல வர்றவரு நீங்க அவருக்கு முன்னாடி அதே திசையில போறீங்கன்னு நினைச்சிடுவாரு.

முன் லைட்டு: லூமன் மட்டும் பாத்து ஏமாறாதீங்க

முன் லைட்டுக்கு ரெண்டு வேலை இருக்கு, அடுத்தவங்களுக்கு நீங்க தெரியணும், உங்களுக்கு ரோடு தெரியணும். தெருவிளக்கு நல்லா எரியுற ரோட்டுல முதல் வேலை மட்டும் போதும், 100லருந்து 200 லூமன் எடுத்துக்கலாம். விளக்கே இல்லாத ரோட்டுக்கு 400லருந்து 600 வரைக்கும் வேணும். காட்டுப் பாதை, கல்லு மேடுன்னா 1000க்கு மேல. இது தோராயக் கணக்குதான், ஏன்னா லூமன்ங்கறது லைட்டுலருந்து மொத்தமா எவ்வளவு வெளிச்சம் வெளிய வருதுன்னு சொல்ற அளவு, அந்த வெளிச்சம் எங்க போய் விழுதுன்னு அது சொல்லாது. லக்ஸ்ங்கறதுதான் ஒரு இடத்துல எவ்வளவு விழுதுங்கறது.

சாதாரண டார்ச் மாதிரி வட்டமா அடிக்கிற லைட்டுல பாதி வெளிச்சம் மரத்துக்கும் எதுத்தாப்ல வர்றவங்க கண்ணுக்கும் போகுது. மேல பாதிய நேர்கோடு போட்ட மாதிரி வெட்டி எல்லாத்தையும் ரோட்டுல விழ வைக்கிற லைட்டு தனியா இருக்கு, கார் டிம் லைட்டு மாதிரி. ஜெர்மனியில எஸ்டிவிஇசட்ஓன்னு ஒரு விதி இருக்கு, ரோட்டுல போற சைக்கிள் லைட்டு இப்படித்தான் இருக்கணும்னு அது சொல்லுது, அந்த அங்கீகாரம் வாங்கின லைட்டுல ஆங்கில ‘K’ எழுத்தும் அலை மாதிரி ஒரு கோடும் பொறிச்சிருக்கும். இப்படிப்பட்ட லைட்டு லூமன் கம்மியா போட்டிருந்தாலும் ரோட்டுல வட்ட லைட்ட விட அதிகமா காட்டும். தாழ்வா தொங்குற கிளையும் மேல நீட்டிட்டு இருக்கறதும் அதுல தெரியாதுங்கறது உண்மை, அதனால காட்டுக்குள்ள ஓட்டுறவங்களுக்கு வட்ட லைட்டுதான் சரி. ரோட்டுல ஓட்டுற எல்லாருக்கும் நான் வெட்டின லைட்டையே சொல்லுவேன். எதுத்தாப்ல நடந்து வர்றவங்களோட கண்ணும் நம்ம பொறுப்புதான், அவங்க கண்ணு கூசி நம்ம பக்கமே ஒதுங்கிட்டா அடி ரெண்டு பேருக்கும்.

இன்னொண்ணு, வெளிச்சம் கூடக் கூட நல்லதுன்னும் கிடையாது. மனுஷக் கண்ணு இருட்டுக்கு முழுசா பழக 20லருந்து 30 நிமிஷம் ஆகும். முன்சக்கரத்துக்கு முன்னாடி மட்டும் வெள்ளை வெளேர்னு அடிச்சா கண்ணு அதுக்குப் பழகிடும், அதத் தாண்டி இருக்கற எதுவும் தெரியாம போகும். ஹேண்டில்பார்ல மாட்டின போனோட ஸ்கிரீனும் இதே கெடுதலத்தான் செய்யும், வெளிச்சத்தக் குறைச்சு வைங்க.

பேட்டரியா டைனமோவா

எப்பவாவது ஓட்டுறவங்களுக்கு யூஎஸ்பில சார்ஜ் பண்ற லைட்டு போதும். டப்பாவுல 1000 லூமன்னு ஒரு பக்கமும் 20 மணி நேரம்னு இன்னொரு பக்கமும் போட்டிருந்தா ரெண்டும் ஒரே மோடுக்கு இல்லங்கறத ஞாபகம் வச்சுக்கங்க, ஃபுல் வெளிச்சத்துல பெரும்பாலும் ஒண்ணு ரெண்டு மணி நேரம்தான். அதுலயும் ஏஎன்எஸ்ஐ எஃப்எல் 1ன்னு டார்ச் லைட்டுகளுக்கு ஒரு அளவீட்டு முறை இருக்கு, அதுல வெளிச்சம் ஆரம்பத்துல இருந்ததுல 10 சதவீதத்துக்கு இறங்குற வரைக்கும் போற நேரத்த ஓடுற நேரம்னு கணக்கு பண்ணுவாங்க, அதாவது கடைசிப் பகுதியில லைட்டு எரியும், ரோடு தெரியாது. உங்க பயணத்துக்கு எவ்வளவு நேரம் ஆகுமோ, நீங்க நிஜமா போடப் போற மோடுல அதப் போல ரெண்டு மடங்கு நிக்கற லைட்டா வாங்குங்க. குளிர்ல லித்தியம் பேட்டரி சீக்கிரம் இறங்கும், பழசானாலும் இறங்கும், அதுக்குத்தான் ரெண்டு மடங்கு.

பேட்டரி எவ்வளவு மிச்சம்னு காட்டுற சின்ன விளக்கு இருக்கான்னு பாருங்க, முன்னறிவிப்பு இல்லாம பட்டுனு அணையுற லைட்டு வேண்டவே வேண்டாம். தண்ணி விஷயத்துல ஐபிஎக்ஸ் 4ன்னா தெறிக்கிற தண்ணியத் தாங்கும், ஐபிஎக்ஸ் 7ன்னா ஒரு மீட்டர் தண்ணிக்குள்ள அரை மணி நேரம். மழையில ஓட்டுறவங்களுக்கு 4 போதும், சார்ஜ் பண்ற ஓட்டைய மூடுற ரப்பர் மட்டும் இறுக்கமா இருக்கணும்.

தினமும் இருட்டுல ஓட்டுறவங்க ஹப் டைனமோவப் பத்தி யோசிச்சே ஆகணும். முன்சக்கரத்தோட நடுவுலயே மோட்டார் மாதிரி உக்காந்திருக்கும், வழக்கமா 6 வோல்ட், 3 வாட். சார்ஜ் பண்ண மறக்கற பிரச்சன கிடையாது, யாரும் சுலபமா கழட்டிட்டுப் போகவும் முடியாது. மிதிக்கும்போது வர்ற கூடுதல் பாரம் அவ்வளவா தெரியாது, டயர்ல உரசுற பழைய பாட்டில் டைனமோ மாதிரி இழுக்காது. சிக்னல்ல நின்னாலும் கொஞ்ச நேரம் எரிஞ்சுட்டே இருக்கற வசதி, ஸ்டாண்ட்லைட்டுன்னு சொல்லுவாங்க, அது இருக்கற லைட்டாப் பாத்து எடுங்க. முதல்ல சக்கரத்தயே மாத்த வேண்டியிருக்கறதால செலவு கூட, ஆனா வருஷக்கணக்கா உழைக்கும்.

மாட்டுறதும் சாய்வு பாக்குறதும்

நல்ல லைட்ட வாங்கி தப்பா மாட்டுறதுதான் எல்லா இடத்துலயும் நடக்குது. பின் லைட்ட சீட் போஸ்ட்லயோ கேரியர் பின்விளிம்புலயோ ரோட்டுக்கு இணையா, நேரா பின்னாடி பாக்குற மாதிரி மாட்டுங்க. சட்டையோட வாலு, தொங்குற பை, கேரியர்ல கட்டின மூட்டை இதெல்லாம் மறைக்குதான்னு பாருங்க, நீங்க சீட்டுல உக்காந்திருக்கும்போது வேற ஒருத்தர பின்னாடி நின்னு பாக்கச் சொல்லணும். முதுகுப் பையில குத்தின லைட்டு நீங்க குனிஞ்சு ஓட்டும்போது வானத்தப் பாக்கும், பையத் தொங்க விட்டா தரையப் பாக்கும், அது கூடுதல் லைட்டா மட்டும் இருக்கட்டும்.

முன் லைட்ட ஹேண்டில்பார் நடுவுல, பிரேக் கேபிள் மறைக்காத இடத்துல இறுக்கமா மாட்டுங்க. முன்னாடி கூடை இருந்தா ஃபோர்க்கு மேலயோ கூடைக்கு முன்னாடியோ கொண்டு போகணும். சாய்வுக்கு ஒரு சுலபமான வழி இருக்கு. இருட்டினதும் ஒரு சுவத்துலருந்து 5 மீட்டர் தள்ளி சைக்கிள நேரா நிறுத்தி, தரையிலருந்து லைட்டு எவ்வளவு உயரத்துல இருக்குன்னு அளந்துக்கங்க. சுவத்துல வெளிச்சத்தோட நடுப்பகுதி அந்த உயரத்துல பாதியில விழுந்தா ரோட்டுல அது 10 மீட்டர் தூரத்துல போய் விழும். வட்ட லைட்டுக்கு இது நல்ல ஆரம்பம். மேல வெட்டின லைட்டுல அந்த வெட்டுக் கோடு இன்னும் தூரம் போகலாம், ஆனா லைட்டோட உயரத்த விடக் கண்டிப்பா தாழ்வா இருக்கணும். அப்புறம் சைக்கிள ஸ்டாண்டு போட்டு நிறுத்திட்டு 20 மீட்டர் முன்னாடி நடந்து போய் திரும்பிப் பாருங்க, உங்களுக்கே கண்ணு கூசினா இன்னும் கீழ இறக்குங்க. குழியில ஏறி இறங்கும்போது ரப்பர் பட்டை மாட்டல் வழுக்கிடும், அதனால அப்பப்ப கையால ஒரு தட்டு தட்டி சரி பாக்கணும்.

ஹெல்மெட்டு மேல மாட்டுற லைட்டு வளைவுல நீங்க திரும்புற பக்கம் காட்டும், பஞ்சர் ஒட்டவும் உதவும். ஆனா ரோட்டுல யார நிமிர்ந்து பாத்தாலும் அவங்க கண்ணுலயே அடிக்கும், அதனால ஊருக்குள்ள அணைச்சு வைங்க. மாட்டுற பிடி விழுந்தா தானா கழண்டு வர்ற மாதிரி இருக்கணும், கெட்டியா போல்ட் போட்டது கூடாது.

காலுக்கு ரிஃப்ளெக்டர்

இது விலை ரொம்ப கம்மி, பலன் ரொம்ப அதிகம். ரிஃப்ளெக்டர் மேல பட்ட வெளிச்சம் வந்த வழியே திரும்பிப் போகும், அதனால ஹெட்லைட்டுக்குப் பின்னாடி உக்காந்திருக்கற டிரைவர் கண்ணுக்கே நேரா போய்ச் சேரும். அத சட்டையில போடுறத விட கணுக்காலுலயும் முழங்காலுலயும் போட்டா இன்னும் தூரத்துலருந்தே ஆளுன்னு அடையாளம் தெரியுதுன்னு ஆஸ்திரேலியாவுல குயின்ஸ்லாந்து தொழில்நுட்பப் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் சோதிச்சுப் பாத்திருக்காங்க. காரணம், மேலயும் கீழயும் போய் வர்ற காலோட அசைவ மனுஷ மூளை சட்டுனு மனுஷன்னு புரிஞ்சுக்கும். பெடல்ல வர்ற ரிஃப்ளெக்டரக் கழட்டிப் போடாதீங்க. பெடல் மாத்தியிருந்தா ரெண்டு காலுலயும் பட்டை கட்டுங்க, பேன்ட்டு செயின்ல மாட்டாம இருக்கவும் அதுவே ஆச்சு. சக்கரத்துல ரிஃப்ளெக்டர் இருந்தா பக்கவாட்டுலருந்து தெரியும். ஆனா ரிஃப்ளெக்டர் எதிர்ல வெளிச்சம் இருந்தாத்தான் வேலை செய்யும், லைட்டுக்கு பதிலா அது ஆகாது.

முதல் தடவ ராத்திரியில கிளம்புறதுக்கு முன்னாடி

பகல்ல நல்லா தெரிஞ்ச ரோட்டையே முதல்ல எடுத்துக்கங்க, குழி எங்க இருக்குன்னு ஏற்கெனவே தெரியும். வழக்கமா போற வேகத்துல கொஞ்சம் குறைச்சே போங்க. லைட்டு இருக்குங்கறதால எல்லாரும் பாத்துட்டாங்கன்னு எடுத்துக்காதீங்க, சந்திப்புல டிரைவர் வேகத்தக் குறைக்கறது தெரிஞ்சாத்தான் குறுக்க போகணும். எதுத்தாப்ல ஹைபீம் போட்டு வந்தா அந்த வெளிச்சத்தப் பாக்காம உங்க பக்க ரோட்டு ஓரத்தப் பாத்துக்கிட்டு மெதுவா போங்க. சின்னதா ஒரு ஸ்பேர் லைட்ட எப்பவும் பையில போட்டு வைங்க, பஞ்சர் ஆனாலும் அதுதான் கை குடுக்கும்.

வீட்டுக்கு வந்ததும் ஹெல்மெட்ட கழட்டி வைக்கும்போதே லைட்டையும் கழட்டி சார்ஜ்ல போட்டுடுங்க, காலையில பாத்துக்கலாம்னு விட்டா மறந்துடும். மாசத்துக்கு ஒரு தடவ லென்ஸ்ல படிஞ்ச சேத்த ஈரத் துணியால துடைங்க, ஹெல்மெட்டு ஸ்ட்ராப்பு நஞ்சிருக்கா, பக்கிள் ‘டக்’குனு பூட்டுதா, உள்ள தெர்மாகோல்ல விரிசல் இருக்கான்னு ஒரு பார்வ பாருங்க. தலை அடிபட்டு விழுந்தா அன்னைக்கே ஹெல்மெட்ட மாத்தணும். விழவே இல்லன்னாலும் 5லருந்து 10 வருஷத்துக்குள்ள மாத்தச் சொல்லி சிபிஎஸ்சி சொல்லுது, செஞ்ச தேதி உள்ள ஸ்டிக்கர்லயே இருக்கும், வாங்கும்போதே அதையும் பாத்துடுங்க.